ஆக்டிவேட்டர் போட்ட கணினியில் ஊராரின் காணிப் பத்திரங்கள் பூட்டுப்பட்டுவிட்டன. வழி தெரிந்தவர்கள் சொல்லுங்கள்

விசுவமடு தட்டச்சுக்கடை
திங்கள், இரவு 9.42

எல்லோருக்கும் வணக்கம். பரந்தன் முல்லைத்தீவு வீதியில், விசுவமடுவுக்குக் கிட்டச் சின்னதாக ஒரு தட்டச்சு, போட்டோக்கொப்பிக் கடை வைத்திருக்கிறேன். விண்ணப்பம் நிரப்புவது, கடிதம் அடிப்பது, ஸ்கேன் எடுத்து அனுப்புவது, இதுதான் வேலை. ஒரே ஒரு கணினி.

வெள்ளிக்கிழமை பின்னேரம் திரையின் மூலையில் 'ஆக்டிவேட் விண்டோஸ்' என்று எழுத்து வந்தது. வேர்டும் சிவப்புப் பட்டை காட்டியது. முந்தி கணினியைத் தயார்செய்து தந்த பையன் ஒரு பென் டிரைவும் தந்திருந்தான், இப்படி வந்தால் இதைப் போடுங்கள் என்று. உள்ளே ஆக்டிவேட்டர், அதாவது காசு கட்டாமலே விண்டோஸை உரிமம் உள்ளது போலக் காட்டும் மென்பொருள், ஒரு ஸிப் கோப்பாக இருந்தது, கடவுச்சொல் 1234. பக்கத்தில் ஒரு குறிப்பு: முதலில் டிபெண்டரை (விண்டோஸின் வைரஸ் காவலை) நிறுத்து, பிறகு இணையத்தைத் துண்டி, பிறகு 'ரன் ஆஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்' கொடு. சொன்னபடியே செய்தேன். எழுத்து போய்விட்டது. நிம்மதியாகக் கடையைப் பூட்டிவிட்டு வந்தேன்.

சனி காலை ஒரு கோப்பும் திறக்கவில்லை. ஒவ்வொரு பெயரின் முடிவிலும் பிடிஎஃப் என்பதற்குப் பிறகு புதிதாக நான்கு எழுத்து. ஒவ்வொரு ஃபோல்டரிலும் 'ரீட்மீ' என்று ஒரு குறிப்பு. 980 டொலர் கட்டவேண்டுமாம், 72 மணித்தியாலத்துக்குள் என்றால் 490 டொலராம்.

என்னுடைய கணக்கு வழக்கு போனால் போகட்டும். 'ஊர்' என்று ஒரு ஃபோல்டர் இருக்கிறது. 2009இல் பத்திரங்களை எல்லாம் தொலைத்துவிட்டு வந்து, பிறகு பிரதேச செயலகத்துக்கு நடையாய் நடந்து பிறப்புச் சான்றிதழையும் காணி அனுமதிப்பத்திரத்தையும் திரும்ப எடுத்த சனம் இவர்கள். எடுத்த கையோடு என்னிடம் வந்து, "பிள்ளை, இதை உன்ர கொம்பியூட்டரிலயும் ஒண்டு வச்சிரு" என்று தந்துவிட்டுப் போனவை. ஏழு வருடத்துச் சேமிப்பு. வேறெங்கும் கொப்பி எடுத்து வைக்கவில்லை. அது என் பிழைதான். ஏதும் வழி இருக்கிறதா?


கிளிநொச்சி திருத்துநர்
திங்கள், இரவு 10.20

அக்கா, அந்தக் கணினியில் இனி எதையும் தொடாதீர்கள். இணையம் துண்டித்தபடியே இருக்கட்டும். போர்மட் பண்ணக்கூடாது. கோப்பின் பெயரை மாற்றிப் பார்ப்பது, கண்ட இடத்தில் கிடைக்கும் 'மீட்கும்' மென்பொருளைப் போடுவது எதுவும் வேண்டாம். காசும் கட்டாதீர்கள்.

ஒரு விடயம் மட்டும் பார்த்துச் சொல்லுங்கள். அந்த ரீட்மீ குறிப்பின் அடியில் 'பெர்சனல் ஐடி' என்று நீளமான ஒரு வரி இருக்கும். அதன் கடைசி இரண்டும் என்ன? சிறிய ஆங்கில 'டி' (t) எழுத்தும் 1 என்ற இலக்கமும் என்றால் எனக்குக் கொஞ்சம் நம்பிக்கை இருக்கிறது.


விசுவமடு தட்டச்சுக்கடை
திங்கள், இரவு 10.31

ஓம் தம்பி. கடைசியில் டியும் ஒன்றும்தான். போனில் படம் எடுத்து வைத்திருந்தேன், பெரிதாக்கிப் பார்த்துவிட்டேன்.


கிளிநொச்சி திருத்துநர்
திங்கள், இரவு 11.05

சரி, அப்படியென்றால் கேளுங்கள். 980, பாதி விலை 490, 72 மணித்தியாலம், ரீட்மீ குறிப்பு, இவை 'ஸ்டொப் டிஜேவியூ' என்ற பூட்டு வைரஸ் குடும்பத்தின் அடையாளம். பெரிய நிறுவனங்களை விட வீட்டுக் கணினிகளையும் சின்னக் கடைகளையும்தான் இது அதிகம் பிடித்தது. கிராக், ஆக்டிவேட்டர், கீஜென் என்று உரிமம் வாங்காமல் இருப்பதற்காக நாம் தேடிப்போய்த் தரவிறக்கும் சாமான்களுக்குள்தான் இதை வைத்துப் பரப்பினார்கள்.

ஓடத் தொடங்கியதும் இது தன்னைப் பரப்பியவர்களின் சேர்வரை, அதாவது இணையத்தில் இருக்கும் அவர்களின் கணினியை, தொடர்புகொண்டு அந்தக் கணினிக்கென்றே ஒரு சாவி கேட்கும். கிடைத்தால் அந்தச் சாவி அவர்களிடம் மட்டும்தான் இருக்கும், நம்மால் ஒன்றும் செய்ய இயலாது. சேர்வர் கிடைக்காவிட்டால் தனக்குள்ளே இருக்கும் பொதுச் சாவியால் பூட்டிவிடும். ஒரே வகை வைரஸ் பொதுச் சாவியால் பூட்டிய எல்லாக் கணினிக்கும் அந்த ஒரே சாவிதான். டி1 என்று முடிந்தால் இந்தப் பொதுச் சாவி. இணையத்தைத் துண்டிக்கச் சொன்ன அந்தக் குறிப்பே உங்களைக் காப்பாற்றியிருக்கலாம். பென் டிரைவில் கிடந்தது பழைய கோப்பு என்றால் சேர்வரும் எப்போதோ செத்திருக்கும்.

எம்சிசொஃப்ட் என்ற பாதுகாப்பு நிறுவனம் 2019 ஒக்டோபரில் இதற்கு ஓர் இலவச டிகிரிப்டரை, அதாவது பூட்டைத் திறக்கும் கருவியை, வெளியிட்டது. உங்கள் வகைக்கான பொதுச் சாவி அவர்களிடம் இருந்தால் கோப்புகள் திறக்கும், இல்லையென்றால் பூட்டிய கோப்புகளை அப்படியே பத்திரப்படுத்திக் காத்திருக்கவேண்டும். அதை எம்சிசொஃப்டின் சொந்தத் தளத்திலோ 'நோ மோர் ரான்சம்' தளத்திலோ மட்டும் எடுக்கவேண்டும். பின்னது 2016இல் நெதர்லாந்துப் பொலிசும் யூரோபோலும் பாதுகாப்பு நிறுவனங்களும் சேர்ந்து தொடங்கியது. வேறு எங்கும் தேடாதீர்கள். 2020இல் இந்த வைரஸுக்கே மருந்து என்று சொல்லி ஒரு போலிக் கருவியைப் பரப்பினார்கள். அதை ஓட்டியவர்களின் கோப்புகள் இரண்டாம் தரமும் பூட்டுப்பட்டன.

கணினியை அப்படியே தூக்கிக்கொண்டு வாருங்கள், நான் செய்து தருகிறேன். காசு வேண்டாம். ஹார்ட் டிஸ்க்கை முழுமையாக ஒரு கொப்பி எடுத்துவிட்டு, கொப்பியில்தான் வேலை செய்யவேண்டும். இந்த வைரஸ் கடவுச்சொல் திருடும் மென்பொருளையும் கூட்டிக்கொண்டு வருவது வழக்கம். ஆகவே இன்றிரவே உங்கள் போனிலிருந்து ஜிமெயில், வங்கி, பேஸ்புக் கடவுச்சொற்களை மாற்றிவிடுங்கள். அந்தக் கணினியிலிருந்து மாற்றக்கூடாது.


நெடுங்கேணி 73
செவ்வாய், காலை 7.10

அக்காவுக்கு நடந்தது கவலையான விடயம். ஆனால் நான் ஆறு வருடமாக ஆக்டிவேட்டர்தான் போடுகிறேன், ஒரு பிரச்சினையும் வந்ததில்லை. விண்டோஸ் 11 ஹோம் 139 டொலர். அதை ரூபாயில் பெருக்கிப் பாருங்கள். ஒரு பக்கம் போட்டோக்கொப்பி அடித்து எத்தனை ரூபாய் மிஞ்சுகிறது? உரிமம் வாங்கு என்று சொல்வது கொழும்பில் இருப்பவருக்குச் சரி. நம்பிக்கையான இடத்தில் எடுத்தால் போதும் என்பதுதான் என் கருத்து. டிபெண்டர் இவற்றை வைரஸ் என்று காட்டுவது மைக்ரோசொஃப்ட் தன் வியாபாரத்துக்காகச் செய்வது.


அறிவியல்நகர் மாணவன்
செவ்வாய், காலை 8.35

அண்ணை, விலை பற்றி நீங்கள் சொல்வது நியாயம். கடைசிப் பகுதிக்கு மட்டும் பதில் எழுதுகிறேன்.

ஆக்டிவேட்டர்களில் பெரும்பாலானவை 'கேஎம்எஸ்' என்ற முறையைத்தான் போலி செய்கின்றன. பெரிய நிறுவனங்கள் ஒவ்வொரு கணினிக்கும் தனித்தனி உரிமச் சாவி அடித்துக்கொண்டிருக்க இயலாது என்பதற்காக, தங்கள் வலையமைப்புக்குள்ளேயே ஓர் உரிமச் சேர்வர் வைத்துக்கொள்ள மைக்ரோசொஃப்ட் கொடுத்த வசதி அது. விண்டோஸ் என்றால் குறைந்தது 25 கணினி இருந்தால்தான் அந்தச் சேர்வர் வேலை செய்யும். ஒரு தடவை ஆக்டிவேட் ஆனால் 180 நாள், அதற்குள் திரும்பப் புதுப்பிக்கவேண்டும். ஆக்டிவேட்டர் உங்கள் கணினிக்குள்ளேயே ஒரு பொய்ச் சேர்வரை வைத்து விண்டோஸை நம்பவைக்கிறது. புதுப்பிப்பதற்காக ஒரு வேலையை அட்டவணையில் போட்டுவிட்டு நிரந்தரமாக உள்ளே இருக்கிறது. அக்காவின் திரையில் திடீரென எழுத்து வந்ததற்கும் அநேகமாக இதுதான் காரணம், பழைய ஆக்டிவேட்டர் புதுப்பிக்காமல் விட்டிருக்கும்.

டிபெண்டர் இவற்றுக்கு வைக்கும் பெயர் 'ஹாக்டூல்'. அந்தப் பெயர் வந்தாலே உள்ளே திருட்டு வைரஸ் இருக்கிறது என்று அர்த்தமில்லை, அது உண்மை. ஆனால் இருக்கிறதா இல்லையா என்று பார்த்துச் சொல்லக்கூடிய ஒரே காவலாளியை நீங்களே வீட்டுக்கு அனுப்பிவிட்டு, நிர்வாகி அதிகாரத்தையும் கொடுத்துத்தான் அதை ஓட்டுகிறீர்கள். ஸிப்புக்குக் கடவுச்சொல் போடுவதும் அதற்காகத்தான். பூட்டிய ஸிப்புக்குள் என்ன இருக்கிறது என்று ஸ்கேனரால் பார்க்க இயலாது.

'நம்பிக்கையான இடம்' என்று ஒன்று இதில் இல்லை அண்ணை. 2021 டிசம்பரில் ரெட் கனரி என்ற பாதுகாப்பு நிறுவனம் ஒரு விடயத்தை வெளியிட்டது. மிகவும் பிரபலமான ஆக்டிவேட்டரான கேஎம்எஸ்பிகோவின் பெயரில் வந்த நிறுவியில் 'கிரிப்ட்பொட்' என்ற திருடன் இருந்தான். விண்டோஸ் ஆக்டிவேட் ஆகும், பக்கத்தில் பிரவுசரில் சேமித்த கடவுச்சொல் எல்லாம் போய்க்கொண்டிருக்கும். 2025 பெப்ரவரியில் எக்லெக்டிக்ஐக்யூ என்ற நிறுவனம், ரஷ்ய இராணுவப் புலனாய்வோடு தொடர்புடைய சாண்ட்வோர்ம் குழு உக்ரேன்காரருக்குப் போலி கேஎம்எஸ் ஆக்டிவேட்டர்களைப் பரப்பி உளவு பார்ப்பதாக எழுதியது. போரில் இருக்கும் நாட்டுக்காரரை வேவு பார்க்க இதை ஒரு வழியாக எடுத்திருக்கிறார்கள் என்றால், எத்தனை பேர் யோசிக்காமல் இதை ஓட்டுகிறார்கள் என்று அவர்கள் கணக்குப் போட்டிருக்கிறார்கள்.

ஆறு வருடம் ஒன்றும் நடக்கவில்லை என்றீர்கள். பூட்டு வைரஸ் வந்தால் மறுநாளே தெரியும். கடவுச்சொல் திருடுகிறவன் சத்தமே போடமாட்டான்.


மல்லாவி ஸ்டூடியோ
செவ்வாய், மதியம் 12.50

தம்பி கடைசியில் எழுதியது எனக்கு நடந்தது. போட்டோஷொப் கிராக். போட்டு ஒரு மாதம் எல்லாம் நன்றாகத்தான் ஓடியது. பிறகு ஒரு நாள் ஸ்டூடியோவின் பேஸ்புக் பக்கத்தில் யாரோ அந்நிய மொழியில் விளம்பரம் போடுகிறார்கள். போனுக்குக் குறியீடு வரும் முறையை நான் வைத்திருந்தும் உள்ளே வந்துவிட்டார்கள். பிறகுதான் விளங்கியது, அவர்கள் கடவுச்சொல் அடித்தே உள்ளே வரவில்லை. நான் ஏற்கனவே உள்நுழைந்து வைத்திருந்த பிரவுசரின் குக்கீயை, அதாவது உள்நுழைந்ததை நினைவில் வைக்கும் சின்னக் கோப்பை, கொண்டுபோய் அப்படியே பாவித்திருக்கிறார்கள். எட்டு வருடக் கலியாணப் படங்கள், வாடிக்கையாளர், எல்லாம் அந்தப் பக்கத்தோடு போய்விட்டது. கடவுச்சொல் மாற்றும்போது 'எல்லாச் சாதனத்திலிருந்தும் வெளியேறு' என்பதையும் கட்டாயம் அழுத்துங்கள் அக்கா.

இப்போது அல்பத்துக்கு ஃபோட்டோபியாவில்தான் வேலை செய்கிறேன். பிரவுசரில் திறக்கும், இலவசம், விளம்பரம் வரும். நம்மிடம் இருக்கும் பிஎஸ்டி (போட்டோஷொப் கோப்பு) டெம்ப்ளேட்டுகள் அதில் திறக்கின்றன. படங்கள் எங்கும் ஏறாமல் நம் கணினியிலேயே வேலை நடப்பதால் டேட்டாவும் பெரிதாகக் கரையாது. பெரிய பிரிண்டுக்கு கிம்ப் என்ற இலவசப் படத் திருத்தி. 2025 மார்ச்சில் அதன் 3.0 பதிப்பு வந்தபிறகு, போட்ட எஃபெக்டைப் பிறகு வந்து திருத்தக்கூடியதாக இருக்கிறது. வீடியோவுக்கு டாவின்சி ரிசோல்வின் இலவசப் பதிப்பு, ஆனால் நல்ல கணினி கேட்கும். கை பழக எனக்கு இரண்டு மாதம் எடுத்தது, அதை மறைக்க விரும்பவில்லை.


ஒட்டுசுட்டான் ஆசிரியர்
செவ்வாய், இரவு 8.15

விசுவமடுத் தங்கச்சி, கோப்புகள் திரும்பக் கிடைக்கவேண்டும் என்று மனதார நினைக்கிறேன். அந்த 'ஊர்' ஃபோல்டரைப் பற்றி எழுதியதை இரண்டு தரம் வாசித்தேன்.

நம் பக்கத்துக் கடைகள் மாறாமல் இருப்பதற்கு விலை மட்டும் காரணமில்லை, பாமினியும் ஒரு காரணம். 'வேர்ட் இல்லாவிட்டால் பாமினி அடிக்க முடியாது' என்று எத்தனையோ பேர் என்னிடம் சொல்லியிருக்கிறார்கள். அது பிழை. பாமினி என்பது ஆங்கில எழுத்துகளின் இடத்தில் தமிழ் வடிவத்தை வரைந்து வைத்த ஒரு ஃபொண்ட், அவ்வளவுதான். அந்த ஃபொண்ட் கோப்பை நிறுவிவிட்டால் வேர்டுக்கு மாற்றான லிப்ரேஒஃபிஸ் ரைட்டரிலும் அதே விரல், அதே எழுத்து. விண்டோஸுக்கு மாற்றான இலவச லினக்ஸில் கூட அப்படியே. யுனிகோட்டில், அதாவது தனி ஃபொண்ட் இல்லாமலே எங்கும் தமிழாகத் தெரியும் முறையில், அடிக்க விரும்பினால், பாமினிக்குக் கிட்டிய இலங்கைத் தட்டச்சு அமைப்பான ரெங்கநாதன் விசைப்பலகை லினக்ஸில் கிடைக்கிறது.

2010இல் ஓப்பன்ஒஃபிஸிலிருந்து பிரிந்து வந்தது லிப்ரேஒஃபிஸ். முழுக்க இலவசம், கடையில் வைத்துச் சம்பாதிக்கவும் தடையில்லை. என் மாணவருக்கு அதன் கணக்குத்தாள் பகுதியான கல்க்கில்தான் சம், அவரேஜ் எல்லாம் சொல்லிக்கொடுக்கிறேன். எக்செல்லிலும் அதே சூத்திரம்தான் என்பதால் வேலைக்குப் போகும் இடத்தில் பிள்ளைகள் திணறவில்லை. ஒரு குறை இருக்கிறது. மற்றவர் அனுப்பும் வேர்ட் கோப்பில் அட்டவணை சிக்கலாக இருந்தால் சில இடத்தில் வரி இடம் மாறும். அலுவலகத்துக்குப் போகும் படிவத்தை அனுப்பும் முன் பிடிஎஃப் ஆக்கிவிடுவேன். அசல் வேர்டிலேயே பார்க்கவேண்டிய கட்டாயம் வந்தால், மைக்ரோசொஃப்ட் கணக்கு ஒன்று திறந்து பிரவுசரில் இலவச வேர்டைப் பாவிக்கலாம்.


நெடுங்கேணி 73
செவ்வாய், இரவு 9.30

சேர், தம்பி, ஏற்றுக்கொள்கிறேன். இன்று என் லப்டொப்பைப் பார்த்தேன். ஆக்டிவேஷன் பக்கத்தில் 'உங்கள் நிறுவனத்தின் ஆக்டிவேஷன் சேவை மூலம்' என்ற மாதிரி ஆங்கிலத்தில் எழுதியிருக்கிறது. எனக்கு ஒரு நிறுவனமும் இல்லை. இனி என்ன செய்வது? இது வவுனியாவில் வாங்கிய பழைய லப்டொப். விண்டோஸ் 10 ப்ரோ.


கிளிநொச்சி திருத்துநர்
செவ்வாய், இரவு 10.40

அண்ணை, லப்டொப்பைத் திருப்பி அடியில் பாருங்கள். விண்டோஸ் சின்னத்தோடு சின்ன ஸ்டிக்கர் இருக்கிறதா? விண்டோஸ் 8 காலத்துக்குப் பிறகு, விண்டோஸோடு விற்பனைக்கு வந்த கணினிகளில் உரிமச் சாவியை மதர்போர்டுக்குள்ளேயே எழுதிவிடுகிறார்கள். வெளிநாட்டில் பாவித்து நம் ஊருக்கு வரும் பழைய லப்டொப்புகளில் நிறையவற்றில் அந்தச் சாவி இன்னமும் உயிரோடு இருக்கிறது. ஹோம் உரிமம் இருக்கும் கணினியில் கடைக்காரர் ப்ரோவைப் போட்டு, அது ஆக்டிவேட் ஆகாததால் கிராக்கும் போட்டு விற்றுவிடுகிறார். எனக்கு இது பெரிய வயிற்றெரிச்சல். காசு கொடுத்து வாங்கிய உரிமம் உள்ளே படுத்துக் கிடக்க, மேலே திருட்டுச் சாவி.

கோப்புகளை வெளியே எடுத்து வைத்துவிட்டு, மைக்ரோசொஃப்ட் தளத்திலிருந்தே நிறுவியை இறக்கி, பழையதை முழுக்க அழித்துப் புதிதாகப் போடுங்கள். உள்ளே சாவி இருந்தால் நிறுவி தானாகவே அந்தப் பதிப்பை எடுத்துக்கொள்ளும், இணையம் கிடைத்ததும் ஆக்டிவேட் ஆகிவிடும். ஒன்றைக் கவனியுங்கள். விண்டோஸ் 8 காலத்துச் சாவியால் புது விண்டோஸை ஆக்டிவேட் பண்ணும் வழியை 2023 செப்டம்பரில் மூடிவிட்டார்கள். விண்டோஸ் 10 சாவி என்றால் 11க்கும் போகும், ஆனால் 11 ஓடுவதற்குக் கணினி கொஞ்சம் புதிதாக இருக்கவேண்டும். 10க்கு வழமையான ஆதரவு 2025 ஒக்டோபர் 14 உடன் முடிந்துவிட்டது.

சாவியே இல்லையென்றால், ஆக்டிவேட் பண்ணாமலே விண்டோஸ் ஓடும். மூலையில் எழுத்து நிற்கும், திரையின் பின்னணிப் படம், நிறம் எல்லாம் மாற்ற விடாது. ஆதரவு முடியாத பதிப்பு என்றால் பாதுகாப்பு அப்டேட் வரும். அது உரிமம் ஆகிவிடாது, நெடுகலும் அப்படி வைத்திருக்கச் சொல்லமாட்டேன். ஆனால் உரிமத்துக்குக் காசு சேரும் வரைக்கும் ஆக்டிவேட்டரை விட அந்த எழுத்து ஆயிரம் மடங்கு மேல். இணையத்தில் சில டொலருக்கு விற்கும் சாவிகளிலும் ஏமாறாதீர்கள். பல, எங்கோ ஒரு நிறுவனத்துக்குக் கொடுத்த மொத்தச் சாவியைப் பிரித்து விற்பவை. மைக்ரோசொஃப்ட் முடக்கினால் உங்கள் காசும் போய்விடும்.

பழைய கணினிக்கு நான் போட்டுக்கொடுப்பது லினக்ஸ் மின்ட். 4 ஜிபி ராம் இருந்தால் நன்றாக ஓடும். நிறுவும் முன் பென் டிரைவிலிருந்தே ஓட்டிப் பார்க்கலாம். அந்த நேரத்தில் உங்கள் பிரிண்டரையும் ஸ்கேனரையும் மாட்டிப் பாருங்கள். சில பிரிண்டர் உடனே வேலை செய்யும், சிலதுக்கு டிரைவர் தேடி மினக்கெடவேண்டும். இதைச் சோதிக்காமல் மாற்றிவிட்டு, கடையில் ஆட்கள் வரிசையில் நிற்கும்போது தலையைச் சொறிந்தவர்களை எனக்குத் தெரியும்.

அப்புறம் இன்னொன்று, எல்லோரும் இன்றைக்கே பார்க்கவேண்டியது. விண்டோஸ் செக்யூரிட்டியில் 'எக்ஸ்க்ளூஷன்ஸ்' என்று ஒரு பகுதி இருக்கிறது. டிபெண்டர் எட்டிப்பார்க்கக்கூடாத இடங்களின் பட்டியல் அது. போன கிழமை வந்த ஒரு கணினியில் சி டிரைவ் முழுவதுமே அதில் இருந்தது. ஆக்டிவேட்டர் எழுதிவிட்டுப் போனது. அந்தக் கணினியில் டிபெண்டர் பச்சை அடையாளத்தோடு இருந்தது, வேலை மட்டும் ஒன்றுமில்லை.


அறிவியல்நகர் மாணவன்
புதன், காலை 6.50

பல்கலைக்கழகத்தில் படிப்பவர்கள் யாராவது வாசித்தால்: ஓட்டோகாட் மாணவருக்கு ஓட்டோடெஸ்க்கே இலவசமாகத் தருகிறது, மாணவர் என்று உறுதிப்படுத்தினால் போதும். கணக்கீட்டு மென்பொருளான மட்லப் இல்லாதவர்களுக்கு அதற்கு மாற்றாக இலவச ஒக்டேவ். கிராக் தேடி விடுதிக் கணினிகளுக்கு வைரஸ் பரப்பாதீர்கள்.


விசுவமடு தட்டச்சுக்கடை
ஞாயிறு, மாலை 5.20

வியாழக்கிழமை கணினியையும் கொண்டு கிளிநொச்சிக்குப் போனேன். தம்பி ஹார்ட் டிஸ்க்கை முதலில் கொப்பி எடுத்தார், அதற்கே நாலு மணித்தியாலம் போனது. பிறகு டிகிரிப்டரை 'ஊர்' ஃபோல்டரில் ஓடவிட்டார். திரையில் வரிகள் ஓடத் தொடங்கியதும் என்னால் இருக்க முடியவில்லை, வெளியில் போய் நின்றுவிட்டேன். உள்ளே வரச்சொன்னார். முதலில் திறந்தது தர்மபுரத்து ஐயா ஒருவரின் காணி அனுமதிப்பத்திரம். ஸ்கேன் பண்ணும்போது மூலையில் என் பெருவிரலும் விழுந்திருந்தது, அது கூடத் தெளிவாக இருந்தது.

பெரும்பாலானவை வந்துவிட்டன. சனிக்கிழமை காலை பதற்றத்தில் நான் ஏதோ ஒரு மென்பொருளை இறக்கி 'ரிப்பெயர்' கொடுத்தேன் என்று யாருக்கும் சொல்லவில்லை. அது கை வைத்த 31 கோப்புகள் திறக்கவில்லை. அந்த 31 பேரின் பெயரையும் கொப்பியில் எழுதி வைத்திருக்கிறேன். ஒவ்வொருவராகப் போன் எடுத்து நடந்ததைச் சொல்லிக்கொண்டு வருகிறேன். 12 பேரின் பத்திரம் அவர்கள் பிள்ளைகளுக்கு நான் முன்பு அனுப்பிய வட்ஸ்அப்பில் கிடைத்துவிட்டது. மற்றவர்கள் அசலைக் கொண்டுவந்தால் திரும்ப ஸ்கேன் எடுத்துத் தருவதாகச் சொல்லியிருக்கிறேன். அசலும் இல்லாதவர்கள் மூன்று பேர். அவர்களோடு செவ்வாய்க்கிழமை பிரதேச செயலகத்துக்கு நானும் போகிறேன்.

கணினியின் அடியில் ஸ்டிக்கர் இருந்தது. ஹோம் போட்டதும் ஒன்றும் கேட்காமல் ஆக்டிவேட் ஆகிவிட்டது. இத்தனை வருடமும் உள்ளேயே இருந்திருக்கிறது. லிப்ரேஒஃபிஸும் பாமினியும் போட்டாயிற்று. நேற்று ஒரு விண்ணப்பம் அடித்தேன், விரல் தடுமாறவில்லை சேர். வெளி ஹார்ட் டிஸ்க் ஒன்று வாங்கியிருக்கிறேன். பின்னேரம் கடை பூட்டும் முன் மாட்டி, கொப்பி எடுத்து, கழற்றி வீட்டுக்குக் கொண்டுபோகிறேன்.

அந்தப் பென் டிரைவைத் தந்த பையனையும் கண்டேன். அவனுக்கும் உள்ளே என்ன இருந்தது என்று தெரியாது. இன்னும் ஐந்தாறு கடைக்குக் கொடுத்திருக்கிறானாம். பெயரைக் கேட்டு எழுதிக்கொண்டேன். அதில் இரண்டு கடை புதுக்குடியிருப்பில் இருக்கிறது. தம்பி, நாளைக்கு அவர்களை உங்களிடம் கதைக்கச் சொல்லட்டா?


கிளிநொச்சி திருத்துநர்
ஞாயிறு, மாலை 5.34

சொல்லுங்கள் அக்கா. டிபெண்டரை நிறுத்தியிருந்தால் அதற்குப் பிறகு கணினியை ஓன் பண்ணாமல் கொண்டுவரச் சொல்லுங்கள். காலை எட்டரைக்குக் கடையில் இருப்பேன்.